ஒத்தீலியா காத்த கல்

ஒத்தீலியாவைப் பற்றி யாராவது பேச்செடுத்தால் எனக்கு முதலில் வருவது கோபம்தான். அழுகை அதற்குப் பிறகு வரும். அவள் பிடித்த பிடிவாதத்தில் என் அடுப்பங்கரைச் சுவர் மேலிருந்து கீழ்வரை பிளந்தது, சினையாக இருந்த என் ஆடு ஒன்று கீழே பள்ளத்துக்குள் போனது, ஊரே உயிரைக் கையில் பிடித்துக்கொண்டு கிடந்தது. நான் அவளுக்கு மேல்வீட்டுக்காரி. என் வாசலில் நின்றால் அவள் வீட்டுக் கூரை தெரியும். அவள் அடுப்பில் என்ன வேகிறது, புருஷனோடு எதற்குச் சண்டை, எதற்குச் சிரிக்கிறாள் என்பதெல்லாம் எனக்கு அத்துப்படி. வேறு யாராவது அவள் கதையைச் சொன்னால் அரையும் குறையுமாகத்தான் இருக்கும்.

எங்கள் ஊர் லதேராவில் நிலம் நிற்காது. மேலே கிழவன் என்று நாங்கள் சொல்லும் எரிமலை புகைந்துகொண்டிருக்கிறான், கீழே வாய் என்கிற அடியில்லாப் பள்ளம் திறந்திருக்கிறது, நடுவில் நாங்கள். கிழவன் துப்பிய சாம்பலும் சரளையும் எங்கள் வீடுகளையும் வேலிகளையும் கிழங்குப் பாத்திகளையும் தூக்கிக்கொண்டு மெல்ல மெல்ல வாயை நோக்கி இறங்கிக்கொண்டே இருக்கும். மழை ஓய்ந்ததும் ஊர் கூடி, வீடுகளை உருளைக்கட்டைகள்மேல் ஏற்றி, கயிறு போட்டுப் பழைய இடத்துக்கு இழுத்துவிடுவோம். ஓரத்தில் இருக்கும் பாறைச்சுவர் மட்டும் அசையாது. அதில் ஒவ்வொரு வீட்டுக்கும் ஒரு சுண்ணாம்புக்கோடு உண்டு. அந்தக் கோட்டுக்கு நேராக வீட்டைக் கொண்டுவந்து நிறுத்திவிட்டால் அந்த வருஷத்துக்குக் கவலை இல்லை.

இழுப்பதற்கு ஒரே ஒரு விதி. கடைசி வீடு முதலில். அடியில் இருக்கும் வீட்டை இழுக்காமல் அதற்கு மேலே இருக்கிற எந்த வீட்டிலும் கயிறு படக்கூடாது. இப்படி வைத்தவர்கள் மனுஷனைப் புரிந்தவர்கள்தான். இல்லாவிட்டால் ஆள்பலம் உள்ளவன் தன் வீட்டை இழுத்துக்கொண்டு போய்விட்டு, கீழே இருப்பவனை எட்டிக்கூடப் பார்க்கமாட்டான்.

செத்தவர்களை நாங்கள் இழுப்பதில்லை. உச்சிமேட்டில் முழங்கால் ஆழத்தில் படுக்கவைத்து, மேலே கல் நட்டுவிட்டால் அவர்கள் பாட்டுக்கு இறங்கி வருவார்கள். விளிம்புக்கு வந்து சேர ஒரு ஆயுசு ஆகும். வந்ததும் குடும்பத்தார் சோளக்கள்ளும் சுட்ட கிழங்கும் கொண்டுபோய் உட்கார்ந்து, பேரைச் சொல்லிக் கூப்பிட்டு, கல்லோடு உள்ளே போவதைப் பார்த்துவிட்டு வருவார்கள். அதற்குப் பேர் வழியனுப்பு. பெரும்பாலும் பேரன் பேத்திகள்தான் போவார்கள், போகிறவரின் முகம்கூட அவர்களுக்குத் தெரிந்திருக்காது, அதனால் குடித்துவிட்டுப் பாடுவார்கள். வழியனுப்ப ஆள் இல்லாமல் போவதுதான் எங்களுக்குப் பயம். எங்கள் ஊரில் கெட்டதிலும் கெட்ட வசவு அதுதான்: "உன்னை வழியனுப்ப நாதி இருக்காது." அதைச் சொன்னால் கத்தி எடுப்பார்கள்.

ஒத்தீலியா சின்ன வயதில் வாயாடி. குரல் என்றால் அப்படி ஒரு குரல். வீடு இழுக்கும்போது ஆள்களுக்கு மூச்சு சேர ஒருவர் ஓசை கொடுக்க வேண்டும், அது ஆம்பிளைகள் வேலையாகத்தான் இருந்தது. ஒரு வருஷம் கயிற்றுத்தலைவர் தெயோவுக்குத் தொண்டை கட்டிக்கொள்ள, இவள் போய் உருளைக்கட்டைமேல் ஏறி நின்று ஓசை கொடுத்தாள். வீடு வெண்ணெய் மாதிரி ஏறிப்போயிற்று. அன்றிலிருந்து அவள்தான். ஒவ்வொரு வீட்டுக்காரரையும் கிண்டல் செய்து வரி கட்டுவாள். என் வீட்டை இழுக்கும்போது, "கிரிசா அக்கா வாயை முதல்ல இறக்குங்க, வீடு தானா ஏறும்" என்று பாடினாள். ஊரே கயிற்றை விட்டுவிட்டுச் சிரித்தது. எனக்கு ஆத்திரமாகத்தான் இருந்தது, ஆனால் நானும் சிரித்தேன்.

பெனீத்தோ உப்பு விற்க வந்தவன். நிலம் நிற்கிற சீமைக்காரன். வந்த புதிதில் எங்கள் ஊரில் அவனுக்குத் தலைசுற்றல் நிற்கவே இல்லை. எங்கே நின்றாலும் எதையாவது பிடித்துக்கொள்வான். அப்படிப் பிடித்தவற்றில் ஒன்று ஒத்தீலியாவின் கை.

"உங்க ஊர்ல கட்டின வீடு கட்டின இடத்துலயே இருக்குமாமே, நெசமா?" என்று அவள் கேட்டாள்.

"எங்க தாத்தன் கட்டினது. இன்னும் அங்கயேதான் இருக்கு."

"சலிச்சுப் போவாதா?"

கலியாணம் ஆகி இங்கேயே தங்கிவிட்டான். நல்லவன். வருஷத்தில் பாதி நாள் பொதிசுமக்கும் லாமாக்களை ஓட்டிக்கொண்டு உப்புக்குப் போய்விடுவான், மீதி நாள் வீட்டைச் சுற்றி ஏதாவது செய்துகொண்டே இருப்பான். எங்கள் வேலிக்கம்புகள் எல்லாம் தலை கீழ்ப்பக்கமாகச் சாய்ந்திருக்கும். கம்பு என்றால் சாயும், அதற்கு என்ன செய்வது என்று நாங்கள் விட்டுவிடுவோம். அவன் மட்டும் தன் வேலியை விடாமல் நிமிர்த்திக்கொண்டிருப்பான். அடுத்த மழைக்குள் மறுபடியும் சாய்ந்துவிடும், மறுபடியும் நிமிர்த்துவான்.

"மாமா, எங்க ஊருக் காத்து பலமா அடிக்குதோ?" என்று இளவட்டங்கள் நக்கலடிப்பார்கள்.

"ஆமாப்பா, சரியான காத்துதான்" என்பான். அவன் அதை நிஜமாகவே காற்று என்று நினைத்திருக்கிறான். ஒருவரும் திருத்தவில்லை. பச்சைக்குழந்தைக்குக்கூடத் தெரிந்த விஷயத்தை வளர்ந்த ஆளிடம் போய் யார் சொல்வார்கள்?

அவர்களுக்கு ஒரே பெண், இனேசா. அம்மாவின் குரல் அப்படியே வந்திருந்தது. நடை பழகும் முன்பே ஓசை கொடுக்கப் பழகிவிட்டாள். என் ஆடுகளைச் சரிவில் ஏற்றும்போது பின்னாலேயே வந்து, "இழு, ஹேய், இழு" என்று கத்துவாள். ஆடுகள் மிரண்டு நாலு பக்கமும் ஓடும். நான் குச்சியை ஓங்குவேன், அவள் என் பாவாடைக்குள்ளேயே ஒளிந்துகொள்வாள். எனக்குப் பிள்ளை இல்லை. இதற்குமேல் அந்தக் குழந்தையைப் பற்றிச் சொல்ல எனக்குத் தெம்பில்லை.

கிழவன் பலமாக இருமிய வருஷம் அது. சாம்பல் நாள் கணக்காகக் கொட்டியது. ஊரில் பாதிப் பேருக்கு நெஞ்சு அடைத்துக்கொண்டது. ஒத்தீலியாவும் படுத்தாள், குழந்தையும் படுத்தது. தாய் நினைவு தப்பிக் கிடந்தபோது குழந்தை போய்விட்டது. பெனீத்தோ வந்து என் கதவைத் தட்டினான். கதவைப் பிடித்துக்கொண்டு நின்றான். அவன் பிடித்திருந்த விதத்திலேயே எனக்குப் புரிந்துவிட்டது.

எங்கள் வழக்கத்தில் பிள்ளைக்குக் குழி தோண்டுவது அப்பன் மட்டும்தான். படுக்கவைப்பதும் மூடுவதும் அவனேதான். மற்றவர்கள் குழிக்கு முதுகு காட்டிக்கொண்டு கிழவனைப் பார்த்து நிற்போம். குழிக்குள் எட்டிப் பார்த்தால், புதிதாக யார் வந்திருக்கிறார்கள் என்று நாமே வாய்க்குக் காட்டிக்கொடுத்த மாதிரி. அவன் விடிந்ததும் தனியாகப் போய்த் தோண்டி வைத்திருந்தான். நாங்கள் போனோம், திரும்பி நின்றோம், மண் விழும் சத்தத்தைக் கேட்டோம். நிறைய நேரம் விழுந்தது. பாவம், கை ஓடவில்லை போல என்று நினைத்துக்கொண்டேன். அவன் கல் நட்டு முடித்ததும் இறங்கி வந்தோம்.

ஒத்தீலியா எழுந்து உட்கார்ந்ததும் கேட்ட முதல் கேள்வி, "கல்லு எங்க இருக்கு?" என்பதுதான். அவளைத் தாங்கிப் பிடித்துக் கூட்டிப்போனது நான். கல்லைத் தொட்டுப் பார்த்தாள், பக்கத்தில் படுத்துக்கொண்டாள். நல்லவேளை, விளிம்புக்கு வர ஒரு ஆயுசு ஆகும், அதற்குள் நீ கிழவியாகிப் போய்ச் சேர்ந்துவிடுவாய், உன் கண்ணால் பார்க்க வேண்டியிருக்காது என்று ஆறுதல் சொன்னோம். அந்த ஒரு நினைப்பைப் பிடித்துக்கொண்டுதான் அவள் எழுந்து நடமாடினாள்.

அதன்பிறகு அவள் ஓசை கொடுக்கவில்லை. யாரும் கேட்கவும் இல்லை. தெயோவே தன் கரகரத்த தொண்டையால் கத்தி வேலையை ஒப்பேற்றினார். அவள் காலையில் கல்லிடம் போவாள், சாயங்காலம் வருவாள். அங்கே போய்ப் பேசுவாள். இன்றைக்கு கிரிசா அக்கா யாரோடு சண்டை போட்டாள், அப்பா எவ்வளவு உப்பு கொண்டுவந்தார், புதிதாகப் பிறந்த லாமாக்குட்டிக்குக் கண்ணைச் சுற்றிக் கறுப்பு என்று ஊர்க்கதை எல்லாம் ஒப்பிப்பாள். பிறந்தநாளுக்குப் புதுச் சட்டை தைத்துக் கல்லுக்குப் போட்டுவிடுவாள். ஒவ்வொரு வருஷமும் சட்டையின் அளவு பெரிசாகிக்கொண்டே போயிற்று. வளர்ந்த பெண்ணின் சட்டையைப் போட்டுக்கொண்டு அந்தக் கல் நிற்கும்.

"கல்லுக்கு எதுக்குடி துணியை வீணாக்குற?" என்று ஒருநாள் கேட்டுவிட்டேன்.

"கல்லுக்கா தைக்கிறேன்? அடியில அவ இருக்காள்ல?" என்றாள்.

சாம்பல் கொட்டிய அந்த வருஷத்திலிருந்தே சரிவின் நடுவில் ஒரு பட்டை மட்டும் இளகிவிட்டிருந்தது. மற்ற இடம் நகர்ந்தால் அது ஓடும். குதிரைப்பட்டை என்று பேர் வைத்தோம். அதில் வீடு வைத்திருந்தவர்கள் ஒதுங்கிக்கொண்டார்கள். கல்லறைமேட்டின் ஒரு மூலை அதில் மாட்டிக்கொண்டதை யாரும் முதலில் கவனிக்கவில்லை. இனேசாவின் கல் மற்றக் கற்களைத் தாண்டிக் கீழே வந்தது. பிறகு மேல்வீடுகளைத் தாண்டியது. ஒரு வருஷம் என் வீட்டு வாசலுக்கு நேராக வந்து நின்றது, மறுவருஷம் ஒத்தீலியாவின் வீட்டுக்கு நேராக வந்துவிட்டது. அவளுக்கு அப்போது ஒரே சந்தோஷம். அடுப்பில் வேலை செய்துகொண்டே ஜன்னல் வழியாகப் பேசலாம் அல்லவா? அதற்கு அடுத்த மழையில் கல் அவளைத் தாண்டிக் கீழே போனபோதுதான் அவளுக்கு உறைத்தது. இன்னும் ஒரு மழை, மிஞ்சினால் இரண்டு. அவள் கண்ணெதிரேதான் இனேசா வாய்க்குள் போகப்போகிறாள்.

அந்த வருஷம் வீடு இழுக்கும் கூட்டத்தில் எழுந்து நின்றாள்.

"எம் பொண்ணை மேல இழுத்துக் குடுங்க" என்றாள்.

தெயோ தலையைச் சொறிந்தார். அவர் கெட்டவர் இல்லை. "தாயீ, கயிறு உசுரோட இருக்கறவங்களுக்கு. பொணத்துல பட்ட கயித்தை வீட்டுல போட முடியுமா? அந்த வீடு நிக்குமா?"

"தனிக் கயிறு நான் திரிச்சுத் தர்றேன்."

"இன்னைக்கு உனக்குச் செஞ்சா நாளைக்கு ஆளாளுக்குக் கேப்பாங்க. மேட்டுல இருக்கற அத்தனை பேரையும் வருஷா வருஷம் இழுக்க இந்த ஊர்ல தோள் ஏது?"

"அவ நாலு வயசுப் புள்ளை அண்ணே. என்ன பெரிய பாரம்?"

அவள் எல்லார் முகத்தையும் ஒரு சுற்று பார்த்தாள். என் முகத்தையும்தான். நான் குனிந்துகொண்டேன்.

"சரி. அப்ப எங்க வீட்டுலயும் கயிறு போட வேணாம்" என்று சொல்லிவிட்டுப் போய்விட்டாள்.

முதலில் யாருக்கும் அதன் முழுப் பொருள் எட்டவில்லை. ஊரிலேயே அடியில் இருக்கும் கடைசி வீடு அவளுடையது. கடைசி வீடு ஏறாமல் வேறெந்த வீடும் ஏறாது. உருளைக்கட்டைகளோடு போனால் அவள் வாசலில் குறுக்கே உட்கார்ந்திருந்தாள். ஆள் இருக்கும் வீட்டைச் சம்மதம் இல்லாமல் இழுப்பதும் எங்களுக்கு ஆகாது. பெனீத்தோ அவள் பின்னால் நின்றுகொண்டிருந்தான். அவனுக்கு எதிர்த்துப் பேச வராது, ஆனால் அசையவும் மாட்டான்.

அந்த வருஷம் ஒரு வீடும் ஏறவில்லை. மறுபடி மழை பிடித்தது. கீழ்வரிசை வீடுகளுக்கு வாயின் ஆவி வந்து அடிக்கத் தொடங்கியது. அழுகின முட்டை நாற்றத்தில் சோறு இறங்கவில்லை. என் சுவர் பிளந்தது. ஒரு காலையில் என் ஆடு விளிம்பில் பச்சை தேடிப் போய்க் கத்திக்கொண்டே மண்ணோடு போயிற்று. நான் அப்படியே ஒத்தீலியாவின் வீட்டுக்கு இறங்கிப் போனேன்.

"ஏண்டி, ஊரையே குழியில தள்ளிட்டுத்தான் ஓய்வியா? செத்துப்போன புள்ளைக்காக இருக்கற புள்ளைங்களை எல்லாம் சாகடிக்கப் போறியா? மனுஷிதானா நீ?"

அவள் கிழங்கு உரித்துக்கொண்டிருந்தாள். கத்தியைக் கீழே வைத்தாள்.

"அக்கா, ஒரு தடவை அவ தனியாப் போயிட்டா. நான் பக்கத்துலயே படுத்துக் கெடந்தேன், எனக்குத் தெரியலை. கண்ணு முழிச்சுப் பாத்தா புள்ளை இல்லை. இன்னொரு தடவை அதே மாதிரி கையைக் கட்டிக்கிட்டு விடச் சொல்றியா? நீ விடுவியா?"

எனக்குப் பிள்ளை இல்லை என்பதை அவள் மறந்து கேட்கவில்லை. நான் விடமாட்டேன் என்று தெரிந்துதான் கேட்டாள். அவளைத் திட்டப் போனவள் அங்கேயே உட்கார்ந்து மீதிக் கிழங்கை உரித்துக் கொடுத்துவிட்டு, நேராகத் தெயோவிடம் போனேன்.

"அண்ணே, அந்தப் பொணத்தை இழுத்துத் தொலைங்க. இல்லேன்னா நானும் அவகூட வாசல்ல உக்காந்துருவேன்."

"உன் வாய்க்குப் பயந்தே இழுக்கணும் போலிருக்கே" என்றார். ஆனால் அவருக்கும் வேறு வழி இருக்கவில்லை. அவர் வீட்டுத் தளமே அந்த வாரம் சரிந்திருந்தது. மழை சற்று விட்டதும் தனிக் கயிறு, புதுப் பலகை, ஒரே ஒரு முறை, இனிமேல் யாரும் கேட்கக் கூடாது என்று ஊர் ஒத்துக்கொண்டது. ஒத்தீலியா அன்று குளித்துத் தலைசீவிப் புதுப் பாவாடை கட்டிக்கொண்டு வந்தாள். மகளை மேலே கொண்டுபோய் வைக்கப் போகிற தாய் அல்லவா? சின்னதாக ஒரு கம்பளிப்போர்வை நெய்து கையில் வைத்திருந்தாள்.

கல் விளிம்புக்கு வெகு பக்கத்தில் வந்துவிட்டிருந்தது. இடுப்பில் கயிறு கட்டிக்கொண்டுதான் தோண்டினார்கள். ஆம்பிளைகள் மட்டும் குழியைப் பார்க்க, நாங்கள் திரும்பி நின்றோம். ஒத்தீலியா மட்டும் திரும்பவில்லை. அவளைத் திரும்பச் சொல்ல யாருக்கும் மனம் வரவில்லை.

முழங்கால் ஆழம் ஆனது. எலும்பு தட்டுப்படவில்லை. இன்னும் கொஞ்சம் தோண்டினார்கள். மண்வெட்டி நின்றது.

"தம்பி, இங்க ஒண்ணுமே இல்லையே. கல்லு இதுதானா?" என்று தெயோ பெனீத்தோவிடம் கேட்டது என் காதில் விழுந்தது.

"இதேதான். நான் செதுக்கின கல்லு எனக்குத் தெரியாதா? இன்னும் தோண்டுங்கண்ணே, நான் நல்ல ஆழமாத்தான் வெச்சேன். நரி கிரி வந்துரக் கூடாதுன்னு, எங்க ஊர்ல வெக்கிற மாதிரி ஆள் உசரத்துக்கு. அந்த அளவுக்காவது என்னால முடிஞ்சதைச் செஞ்சேன் புள்ளைக்கு. முழங்கால் ஆழத்துல நாயைப் பொதைக்கற மாதிரிப் பொதைக்க எனக்கு மனசு வரலைண்ணே."

இதை அவன் கொஞ்சம் பெருமையாகவே சொன்னான். இத்தனை வருஷம் மனசுக்குள் வைத்திருந்த ஒரு நல்ல காரியத்தை வெளியே எடுத்துக் காட்டுகிறவன் போல.

நான் திரும்பிவிட்டேன். எல்லாரும் திரும்பிவிட்டார்கள். வழக்கமாவது ஒன்றாவது. மண்வெட்டி பிடித்திருந்தவர்கள் அப்படியே நின்றார்கள். எங்களில் ஒருவருக்கும் விளக்கம் தேவைப்படவில்லை. லதேராவில் ஓடுவது மேல்மண்தான். அடியில் இருக்கும் களிமண் ஊர்ந்தால் உண்டு, இல்லாவிட்டால் இல்லை. அதனால்தான் கம்புகள் தலை சாய்கின்றன. அதனால்தான் முழங்கால் ஆழத்தில் வைக்கிறோம், கல்லும் ஆளும் பிரியாமல் ஒன்றாக இறங்க வேண்டுமே என்று. அவன் குழந்தையைக் களிமண்ணில் வைத்துவிட்டு, கல்லைச் சரளைமேல் நட்டிருக்கிறான். கல் முதல் மழையிலேயே கிளம்பி வந்துவிட்டது. குழந்தை வரவில்லை.

அவன் குழிக்குள் குதித்து, "இன்னும் ஆழம், இன்னும் கொஞ்சம்தான்" என்று தானே வெட்டிக்கொண்டிருந்தான். யாரும் அவனுக்குக் கைகொடுக்கவும் இல்லை, அவனை நிறுத்தவும் இல்லை. நான் ஒத்தீலியாவைப் பார்த்தேன். அவள் குழியைப் பார்க்கவில்லை. திரும்பி மேலே, சரிவைப் பார்த்துக்கொண்டிருந்தாள். வீடுகள், பாத்திகள், ஆட்டுப்பட்டிகள் என்று அத்தனை தூரம் கிடந்தது. அதில் எங்கேயோ. அவள் கண் ஒவ்வொரு இடமாகப் போய்ப் போய் நின்றது. அவள் அலறிவிடுவாள் என்று பயந்து நான் கையைப் பிடித்தேன்.

பிறகு அவள் குழியோரம் போய்க் குனிந்தாள்.

"விடுங்க, மேல வாங்க. வாயோட ஆவி அடிச்சிருக்கு இங்க. சின்ன எலும்புதானே, கரைஞ்சு மண்ணாயிருக்கும்."

பெனீத்தோ நிமிர்ந்து பார்த்தான். முகமெல்லாம் மண். "கரைஞ்சிருச்சா? அப்படிக் கரையுமா?"

அவள் தெயோவைப் பார்த்தாள். பார்வையா அது? அப்படி ஒரு பார்வையை நான் அதற்குமுன் கண்டதில்லை.

"ஆமா தம்பி" என்றார் தெயோ. "இங்க அப்படித்தான். கரைஞ்சிரும்."

"ஆமா, கரைஞ்சிரும்" என்று மற்றவர்களும் முணுமுணுத்தார்கள். ஊரே ஒரு பொய்யைச் சேர்ந்து சொல்லி நான் பார்த்தது அன்றைக்குத்தான்.

அவன் குழிக்குள்ளேயே உட்கார்ந்து அழுதான். அந்த மண்ணில் ஒரு பிடி அள்ளி அவளிடம் கொடுத்தான், இதுதான் நம் இனேசா என்று. அவள் அதை வாங்கிக் கம்பளிப்போர்வையில் முடிந்துகொண்டாள். உள்ளே வெறும் சரளை என்று அவளுக்குத் தெரியும். சுற்றி நின்ற எங்களுக்கும் தெரியும்.

அன்றே அவள் வீட்டில் கயிறு போட்டார்கள், அவள் வாசலில் உட்காரவில்லை. ஓசை கொடுக்க யாருக்கும் வாய் வரவில்லை. மூச்சு சேராமல் ஆளுக்கு ஒரு பக்கம் இழுத்து, அந்த ஒரு வீட்டை ஏற்றவே பொழுது சாய்ந்துவிட்டது. ஒத்தீலியா வீட்டின் பின்னால் நடந்து வந்தாள். கால் வைக்கும் முன் தரையைப் பார்த்துப் பார்த்து, ஓரமாக, பாறைச்சுவரை ஒட்டியே வந்தாள். அசையாத இடத்தில் மட்டும்தான் மிதித்தாள்.

தேடலாமே என்று நான் தெயோவிடம் கேட்டுப் பார்த்தேன். கல் முதலில் இருந்த இடம் நமக்கெல்லாம் சுமாராகத் தெரியுமே என்றேன்.

"களிமண்ணுக்கு நேர்வழி கெடையாது கிரிசா. முறுக்கிக்கிட்டுப் போகும், சில இடத்துல நின்னுரும், சில இடத்துல பக்கவாட்டுல போகும். மேல இருந்து இங்க வரைக்கும் ஆள் உசரத்துக்கு வெட்டிப் போட்டாலும் கெடைக்கும்னு சொல்ல முடியாது. வெட்டினா வீடெல்லாம் இறங்கிரும்" என்றார்.

ஒத்தீலியா பெனீத்தோவிடம் கடைசிவரை சொல்லவில்லை. அவன் ஒவ்வொரு சாயங்காலமும் அந்தப் போர்வை முடிச்சைத் தொட்டுவிட்டுத்தான் சாப்பிட உட்காருவான். அவன் உப்புக்குக் கிளம்பிப் போனபிறகு அவள் என்னிடம் வருவாள். வந்து சும்மா உட்கார்ந்திருப்பாள். அவளுக்கு ஏதாவது சொல்ல வேண்டும் என்று எனக்கு வாய் பரபரக்கும். ஒருநாள் சொல்லிவிட்டேன்.

"ஒண்ணு மட்டும் நெனைச்சுப் பாரு ஒத்தீ. களிமண்ணு மெதுவாத்தான் போகும். உன் காலத்துல அவ வாய்க்குள்ள போகமாட்டா. நீ கேட்டதும் அதுதானே?"

"ஆமா, அதுதான் கேட்டேன்" என்றாள். "ஆனா எப்பவோ ஒருநாள் போவாள்ல? அன்னிக்கு அங்க யாரு நிப்பா? மேல கல்லும் இல்லை, எந்த எடம்னு ஒருத்தருக்கும் தெரியாது. மண்ணு சரியுதுன்னு பாத்துட்டு ஆட்டை ஓட்டிக்கிட்டுப் போயிருவாங்க. எம்புள்ளை பேரைக் கூப்பிட ஒரு நாதி இருக்காது" என்றாள்.

ஊரில் கெட்டதிலும் கெட்ட வசவை அவள் தன் பெண்ணுக்குத் தானே சொல்லிக்கொண்டு என் எதிரில் உட்கார்ந்திருந்தாள். எனக்கு இந்த நிலத்தின்மேல், கிழவன்மேல், அந்த நல்லவன் பெனீத்தோமேல், எங்கள் எல்லார்மேலும் அப்படி ஒரு வெறுப்பு வந்தது. அவனிடம் ஒரே ஒரு வார்த்தை, ஒரு வேலிக்கம்பைக் காட்டி யாராவது சொல்லியிருந்தால் போதுமே!

அதற்குப் பிறகு அவள் ரொம்ப நாள் இருக்கவில்லை. பழைய நெஞ்சடைப்பு திரும்பி வந்தது. அவள் அதை எதிர்க்கவும் இல்லை. கடைசியில் என்னைத்தான் கூப்பிட்டாள். பெனீத்தோ தண்ணீர் கொண்டுவரப் போயிருந்தான்.

"அக்கா, என்னை ஆள் உசரத்துல வைக்கச் சொல்லு. அவருக்கு அது புடிக்கும். கல்லு வேணாம். அவ எந்த மண்ணுல போறாளோ அந்த மண்ணுலயே நானும் போறேன். அவ போற மாதிரியே மெதுவாப் போறேன். எங்கயாவது ஒரு எடத்துல அவளைச் சேந்துக்கிறேன்."

அப்படியே செய்தோம். பெனீத்தோ ஆசையாகத் தோண்டினான். தன் ஊர் வழக்கம் அவளுக்கும் பிடித்திருந்ததே என்று சொல்லிச் சொல்லி அழுதான். கல் நடவில்லை. இன்றைக்கு அவள் எங்கே இருக்கிறாள் என்று எனக்கும் தெரியாது.

நான் படித்தவள் இல்லை, ஆனால் ஆடு மேய்த்தவள். முன்னால் போகிற ஆடும் பின்னால் போகிற ஆடும் ஒரே நடை நடந்தால் பின்னது முன்னதைச் சேராது. இனேசா அத்தனை வருஷம் முன்னால் கிளம்பிவிட்டாள். ஒத்தீலியா கேட்ட அந்த நேரத்திலேயே இது எனக்குத் தெரியும். என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். "சேந்துருவடி" என்றேன்.